உணவுக்காகத் தலையைக் கொடுத்தவர்கள்

இங்கிலாந்தின் வடக்கே இருக்கும் டர்ஹாம் பேராலயத்துக்குள் நுழைந்து நேராகக் கிழக்கே நடந்தால், உயர்பீடத்துக்குப் பின்னால் தரையில் ஒரு கல் பதித்திருக்கிறது. அதில் ஒரே ஒரு பெயர்: கத்பெர்டஸ். ஏழாம் நூற்றாண்டுத் துறவியான புனித கத்பெர்ட் அதன் அடியில்தான் இருக்கிறார். நான் இந்த ஊருக்கு வந்து ஒன்பது வருடம் ஆகிறது. மாதத்தில் ஒரு நாளாவது அந்தக் கல்லுக்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்துவிட்டு வருவேன். என்னை அங்கே இழுப்பது புனிதர் இல்லை. அவருடைய துறவிகள் பாதுகாத்து வைத்திருந்த ஒரு புத்தகத்தில், யாரோ எழுதிவைத்த ஏழெட்டு வரிகள்.

அந்தப் புத்தகத்துக்கு 'வாழ்வின் நூல்' என்று பெயர். 9ஆம் நூற்றாண்டில் தொடங்கியது. உள்ளே கதையோ போதனையோ கிடையாது, வெறும் பெயர்கள்தான். யாருக்காகவெல்லாம் பிரார்த்தனை செய்ய வேண்டுமோ அவர்களுடைய பெயர்கள். மன்னர்கள், அரசிகள், துறவிகள் என்று பிரித்துப் பிரித்து, பொன் மையிலும் வெள்ளி மையிலும் மாற்றி மாற்றி எழுதியிருக்கிறார்கள். முதலில் எழுதிய பட்டியலிலேயே 3,000 பெயர்களுக்கு மேல் உண்டு. பல நூறு ஆண்டுகள் பீடத்தின் மேலேயே இருந்த புத்தகம் அது. இப்போது லண்டனில் பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கிறது.

காலப்போக்கில் அதன் காலி இடங்களில் வேறு சில விஷயங்களையும் எழுதத் தொடங்கினார்கள். சுமார் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் அப்படி எழுதிய ஒரு குறிப்பு, யாட்ஃப்ளேடா என்ற பெண்மணியுடையது. நான் சாயங்கால வகுப்பில் பழைய ஆங்கிலம் படிக்க ஆரம்பித்து இரண்டாம் வருடம் இதைப் படித்தேன். ஏறத்தாழ இப்படி வரும்:

யாட்ஃப்ளேடா, கடவுள்மேல் கொண்ட அன்புக்காகவும் தன் ஆன்மாவின் தேவைக்காகவும் விடுதலை கொடுத்தாள்: கொல்லர் எக்கெயார்டுக்கு, ஆல்ஃப்ஸ்டனுக்கும் அவன் மனைவிக்கும், அவர்களுக்குப் பிறந்த, இனிப் பிறக்கப்போகும் பிள்ளைகள் அத்தனை பேருக்கும், ஆர்கிலுக்கு, கோலேவுக்கு, ஆல்டூனின் மகள் எட்ஜ்ஃபெர்த்துக்கு, அப்புறம், அந்தக் கெட்ட நாள்களில் உணவுக்குப் பதிலாக யார் யாருடைய தலையை அவள் வாங்கிக்கொண்டாளோ, அந்த எல்லாருக்கும்.

கடைசி வரியில் அப்படியே நின்றுவிட்டேன். உணவுக்குப் பதிலாகத் தலை.

தலையை வாங்குவது என்பது வெறும் பேச்சுவழக்கு என்று முதலில் நினைத்தேன். அப்புறம்தான் தெரிந்தது, அப்படி ஒரு சடங்கே இருந்தது. 12ஆம் நூற்றாண்டில் தொகுத்த ஒரு சட்டநூல் அதை விவரிக்கிறது. சுதந்திரமான ஒருவர் அடிமையாகப் போகும்போது, வெட்டரிவாளோ மாட்டை ஓட்டும் தார்க்குச்சியோ, அடிமையின் கருவி ஏதாவது ஒன்றைக் கையில் எடுக்க வேண்டும். பிறகு எசமானின் கைகளுக்குள் தன் கைகளையும் தலையையும் வைக்க வேண்டும். அவ்வளவுதான். தலை நிமிரும்போது ஆள் மாறியிருக்கும்.

ஆங்கிலோ-சாக்சன் காலம் என்றால் புத்தகக் கடையில் நமக்குக் கிடைப்பது வாள், தலைக்கவசம், வைக்கிங் கப்பல், மன்னர் பெயர்கள். 410 வாக்கில் ரோமானிய ஆட்சி விலகியதிலிருந்து 1066இல் பிரான்சிலிருந்து நார்மன்கள் வந்து இறங்கியது வரை ஆறரை நூற்றாண்டு. அதை நானும் அப்படித்தான் படித்தேன், போர் போராக. யாட்ஃப்ளேடாவின் வரியைப் படித்த பிறகு அந்தக் காலம் முழுவதும் எனக்கு ஒரே ஒரு கேள்வியாக ஆகிவிட்டது: ரொட்டி யார் கையில் இருந்தது?

இது நான் வலிந்து கண்டுபிடித்த கேள்வி இல்லை. அவர்களுடைய மொழியே அதைச் சொல்கிறது. பழைய ஆங்கிலத்தில் ரொட்டிக்கு 'ஹ்லாஃப்' என்று பெயர். இன்றைய 'லோஃப்' அதுதான். எசமானுக்கு 'ஹ்லாஃபோர்ட்'. பிரித்துப் பார்த்தால் ஹ்லாஃப்-வெயார்ட், ரொட்டியைக் காப்பவர். அதுவே தேய்ந்து 'லார்டு' ஆனது. வீட்டு எசமானி 'ஹ்லாஃப்டியே', ரொட்டி மாவைப் பிசைபவள். அது 'லேடி' ஆனது. அந்த வீட்டை நம்பிப் பிழைப்பவருக்கும் ஒரு சொல் இருந்தது: 'ஹ்லாஃபாட்டா', ரொட்டியைத் தின்பவர். காப்பவர், பிசைபவர், தின்பவர் என்று ஒரு சமூகமே ரொட்டியைச் சுற்றி உட்கார்ந்திருந்தது. முதல் இரண்டு சொல்லும் பட்டங்களாகி இன்றும் வாழ்கின்றன. மூன்றாவது செத்துப்போய்விட்டது.

செஞ்சோற்றுக் கடன் என்று நாம் சொல்வோமே, அந்த உணர்வு தெரிந்தவர்களுக்கு இந்தச் சொற்கள் சட்டென்று புரியும். சோறு போட்டவருக்கு உயிரையும் கொடுக்கலாம் என்பது அங்கேயும் இருந்தது. ஆனால் ரொட்டி தின்பவரின் உயிருக்கு என்ன மதிப்பு என்று பார்த்தபோது எனக்கு மனசு கனத்துவிட்டது.

கென்ட் நாட்டு மன்னர் ஈத்தல்பெர்ட் 600 வாக்கில் ஒரு சட்டத் தொகுப்பை எழுதவைத்தார். ஆங்கில மொழியில் இருக்கும் மிகப் பழைய சட்டம் அதுதான். யாரையாவது காயப்படுத்தினால் எவ்வளவு கட்ட வேண்டும் என்று உடம்பின் ஒவ்வொரு உறுப்புக்கும் அதில் விலை உண்டு. கண்ணுக்கு 50 ஷில்லிங். காதுக்கு 12. கட்டைவிரலுக்கு 20, அதன் நகத்துக்கு 3. சுண்டுவிரலுக்கு 11. முன்பல் நான்கில் ஒன்று போனால் 6 ஷில்லிங். சரி, சாதாரணக் குடியானவர் ஒருவரின் வீட்டில் ரொட்டி தின்று வாழும் ஆளைக் கொன்றால்? அந்தக் குடியானவருக்குக் கட்ட வேண்டியது 6 ஷில்லிங். சுதந்திரமான ஒருவரின் ஒரு பல்லுக்கு என்ன தொகையோ அதேதான்.

அதே சட்டத்தில் இன்னொரு இடம். மன்னரின் வீட்டுப் பெண்ணோடு யாராவது படுத்தால் 50 ஷில்லிங் கட்ட வேண்டும். அவள் 'அரைக்கும் அடிமை' என்றால் 25. மாவரைப்பது தனியாகப் பெயர் சொல்லும் ஒரு நிலை. பணம் போவது மன்னருக்கு, அவளுக்கு இல்லை. அவள் பெயரோ முகமோ எங்கேயும் இல்லை. திருகையைச் சுற்றும் கை மட்டும் 1,400 வருடமாகச் சட்டத்தில் நின்றுகொண்டிருக்கிறது.

ஒரு வரலாற்று விழாவில் அந்தக் காலத்துத் திருகையைப் போலச் செய்து வைத்திருந்தார்கள். எங்கள் ஆச்சி வீட்டில் உளுந்து உடைக்கும் திருகை இருந்தது. சின்ன வயதில் அதைச் சுற்றியிருக்கிறேன் என்ற தைரியத்தில் உட்கார்ந்தேன். அமைப்பு அதேதான். கீழ்கல், மேல்கல், நடுவில் தானியம் போட ஓட்டை, ஓரத்தில் மரப்பிடி. ஆனால் உளுந்தை இரண்டாக உடைப்பது வேறு, கோதுமையை மாவாக்குவது வேறு. அரை மணி நேரம் சுற்றியும் இரண்டு கைப்பிடி மாவுதான் வந்தது, அதுவும் கொரகொரவென்று. தோள்பட்டை இரண்டு நாள் வலித்தது. ஒரு பெரிய வீட்டில் இருபது, முப்பது பேர் சாப்பிட வேண்டும் என்றால், விடியும் முன்பே ஒருத்தி உட்கார்ந்திருக்க வேண்டும். தினமும். நல்ல கல்லுக்கு ரைன் ஆற்றங்கரைப் பக்கம் மாயென் என்ற ஊரிலிருந்து எரிமலைப் பாறையைக் கப்பலில் கொண்டுவந்தார்கள். எந்தக் கல்லானாலும் கொஞ்சம் பொடி மாவில் கலக்கத்தான் செய்யும். அந்தக் காலத்து மண்டையோடுகளில் பற்கள் தட்டையாகத் தேய்ந்து கிடப்பதற்கு அதுவும் ஒரு காரணம்.

மாவுக்கு முன்னால் ஏர் இருக்கிறது. 1000 வாக்கில் ஆல்ஃப்ரிக் என்ற துறவி, மடத்துப் பையன்களுக்கு லத்தீன் பேசப் பழக்க ஓர் உரையாடல் எழுதினார். ஒவ்வொரு பையனும் ஒரு தொழிலாளியாகப் பேச வேண்டும். ஏரோட்டி, மேய்ப்பர், மீனவர், வியாபாரி, ரொட்டி சுடுபவர். ஏரோட்டியாகப் பேசும் பையன் சொல்வது என்ன? விடியும்போதே மாட்டை ஓட்டிக்கொண்டு போய் ஏரில் பூட்ட வேண்டும். எவ்வளவு கடும் குளிர்காலமானாலும் எசமானுக்குப் பயந்து வீட்டில் ஒளிந்திருக்க முடியாது. கொழுவை மாட்டி, தினமும் முழுதாக ஓர் ஏக்கரோ அதற்கு மேலோ உழ வேண்டும். கூட யாராவது உண்டா என்று ஆசிரியர் கேட்கிறார். ஒரு பையன் உண்டு, தார்க்குச்சியால் மாட்டை ஓட்டுவான், குளிராலும் கத்திக் கத்தியும் இப்போது அவனுக்குத் தொண்டை கட்டிப்போயிருக்கிறது என்கிறார் ஏரோட்டி. மாட்டுக்கு வைக்கோல் போட வேண்டும், தண்ணீர் காட்ட வேண்டும், சாணி அள்ளி வெளியே கொட்ட வேண்டும். ரொம்பக் கஷ்டமான வேலை, ஏனென்றால் நான் சுதந்திரமானவன் இல்லை, என்று முடிக்கிறார்.

இதை நான் எத்தனை முறை படித்தாலும் அந்தத் தொண்டை கட்டிய பையனிடம்தான் மனசு போகும். லத்தீன் இலக்கணம் படிப்பிக்கக் குளிரில் கத்திக் கம்மிப்போன ஒரு தொண்டை எதற்கு? எந்தப் பாடநூலுக்கும் அது தேவையில்லை. ஆல்ஃப்ரிக் அதை எங்கேயோ கேட்டிருக்க வேண்டும். மடத்து நிலத்தில், பனி மூடிய ஒரு காலையில், தூரத்தில்.

இப்படி உழுகிற அடிமைக்கு என்ன கிடைத்தது? 11ஆம் நூற்றாண்டில் ஒரு பண்ணையை எப்படி நடத்த வேண்டும் என்று எழுதிவைத்த ஒரு குறிப்பு இருக்கிறது. ஆண் அடிமைக்கு 12 பவுண்டு நல்ல தானியம், இரண்டு ஆட்டின் இறைச்சி, சாப்பிட ஒரு நல்ல பசு, விறகு வெட்டிக்கொள்ளும் உரிமை. பெண் அடிமைக்கு 8 பவுண்டு தானியம், குளிர்காலத்துக்கு ஓர் ஆடு அல்லது மூன்று காசு, தவக்காலத்துக்கு ஓர் அளவு பயறு, கோடையில் மோர்த்தெளிவு. கிறிஸ்துமஸுக்கும் ஈஸ்டருக்கும் தனியாக ஏதாவது. அப்புறம் அறுவடையில் ஒரு கைப்பிடி. அந்தக் கைப்பிடிக்கென்றே ஒரு சொல் வைத்திருந்தார்கள். களத்துமேட்டில் நின்று நெல் வாங்கியவர்களைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு அந்தக் கைப்பிடியின் எடை தெரியும்.

இவ்வளவு பாடுபட்டும் விளைச்சல் கையில் வரும் என்பது நிச்சயமில்லை. அதனால்தான் நிலத்துக்கே வைத்தியம் பார்த்தார்கள். நிலம் சரியாக விளையவில்லை என்றால் என்ன செய்ய வேண்டும் என்று ஒரு நீண்ட மந்திரச் சடங்கு எழுத்தில் இருக்கிறது. பொழுது விடியும் முன் நிலத்தின் நான்கு பக்கமும் புல்லோடு நான்கு மண்கட்டி வெட்டி எடுக்க வேண்டும். எண்ணெய், தேன், அந்த நிலத்தில் மேயும் எல்லா மாட்டின் பால், மரங்களிலிருந்தும் செடிகளிலிருந்தும் கொஞ்சம் கொஞ்சம், எல்லாவற்றையும் அதில் வைத்துத் தீர்த்தம் தெளிக்க வேண்டும். மண்கட்டிகளைக் கோயிலுக்குக் கொண்டுபோய்ப் பூசை வைத்து, பொழுது சாயும் முன் பழைய இடத்திலேயே திரும்பப் பதிக்க வேண்டும். பிச்சைக்காரர்களிடம் விதை வாங்கி, வாங்கியதைப் போல இரண்டு மடங்கு அவர்களுக்குக் கொடுக்க வேண்டும். பூமித் தாயை அழைக்கும் சொற்களும் நடுவில் வருகின்றன, கிறிஸ்துவின் பெயரோடு சேர்ந்தே. கடைசியில் எல்லா வகை மாவையும் சேர்த்து, பாலும் தீர்த்தமும் விட்டுப் பிசைந்து, உள்ளங்கை அகலத்துக்கு ஒரு ரொட்டி சுட வேண்டும். ஏர் கீறும் முதல் சாலுக்கு அடியில் அதை வைக்க வேண்டும்.

உள்ளங்கை அகலம் என்று அளவு சொல்லியிருக்கிறார்கள் பாருங்கள். பெரிய ரொட்டியை மண்ணுக்குக் கொடுக்க அவர்களிடம் இருந்திருக்காது.

ஜூலை மாதம்தான் மோசம். போன வருடத் தானியம் தீர்ந்திருக்கும், புதுக் கதிர் இன்னும் பழுத்திருக்காது. அதனால்தான் ஆகஸ்ட் 1ஆம் தேதி அவர்களுக்குப் பெரிய நாள். 'ஹ்லாஃப்மாசே', ரொட்டிப் பூசை. புதுக் கோதுமையில் சுட்ட முதல் ரொட்டியைக் கோயிலில் வைப்பார்கள். அந்த ரொட்டியை நாலாகப் பிட்டுக் களஞ்சியத்தின் நான்கு மூலையிலும் உதிர்த்தால் தானியத்துக்குக் காவல் என்று நம்பினார்கள். 'லாமஸ்' என்ற பெயரில் அந்த நாள் இன்னும் நாள்காட்டியில் இருக்கிறது.

ஒரு சின்ன விலகல். இதே பேராலயத்தின் மேற்குக் கோடியில் பீட் அவர்களின் கல்லறை இருக்கிறது. இங்கிலாந்தின் முதல் பெரிய வரலாற்றாசிரியர், 731இல் தன் வரலாற்று நூலை முடித்தவர். 735இல் ஜாரோ மடத்தில் சாகும் தறுவாயில், தன் பெட்டியைக் கொண்டுவரச் சொல்லி அதில் இருந்ததை மடத்துக் குருக்களுக்குப் பங்கிட்டுக் கொடுத்தார். இருந்தவை மூன்றே பொருள்கள்: கொஞ்சம் துணி, சாம்பிராணி, மிளகு. மிளகு அன்று விளைந்தது நம் மேற்குத் தொடர்ச்சி மலைச் சரிவுகளில்தான். அத்தனை கடலும் பாலைவனமும் தாண்டி வந்த அந்த மணிகளை அவர் பொக்கிஷமாக வைத்திருந்தார். முதன்முதலில் இதைப் படித்த அன்று ராத்திரி ரசத்துக்கு மிளகு தட்டும்போது கொஞ்ச நேரம் உரலைப் பார்த்துக்கொண்டே நின்றேன்.

சரி, கெட்ட நாள்களுக்கு வருவோம். யாட்ஃப்ளேடா எந்த நாள்களைச் சொன்னாள்? குறிப்பு அதைச் சொல்லவில்லை. அவளுடைய ஊர்க்காரர்களுக்குச் சொல்லத் தேவையிருந்திருக்காது. நமக்குத்தான் எண்ணிப் பார்க்க வேண்டியிருக்கிறது, எண்ண எண்ண வந்துகொண்டே இருக்கின்றன.

793 ஜூனில் வைக்கிங்குகள் லிண்டிஸ்ஃபார்ன் தீவு மடத்தைக் கொள்ளையடித்தது எல்லாருக்கும் தெரிந்த கதை. ஏர் ஓட்டுபவருக்கு அதைவிடப் பெரிய அடி 865இல் விழுந்தது. அந்த வருடம் வந்தது கொள்ளையடித்துவிட்டு ஓடும் கூட்டம் இல்லை, தங்கிவிட வந்த படை. அடுத்த வருடம் யார்க் நகரைப் பிடித்தார்கள். ஒவ்வொரு குளிர்காலமும் ஓர் ஊரில் கூடாரம் போட்டார்கள். ஆயிரக்கணக்கான வாயும் குதிரைகளும் குளிர்காலம் முழுக்க ஓர் ஊரில் உட்கார்ந்தால் அந்த வட்டாரத்துக் களஞ்சியம் என்ன ஆகும்? விதை நெல்லைத் தின்றுவிட்ட வீடு என்று நம்மூரில் சொல்வார்களே, அந்த நிலைதான். 875இல் லிண்டிஸ்ஃபார்ன் துறவிகள் கத்பெர்ட்டின் சவப்பெட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்பி ஏழு வருடம் ஊர் ஊராக அலைந்தார்கள். பலமுறை இடம் மாறி, 995இல்தான் டர்ஹாமுக்கு வந்து சேர்ந்தார்கள்.

876இல் அந்தப் படையின் தலைவர்களில் ஒருவரான ஹால்ஃப்டன், வடக்கு நாடான நார்தம்பிரியாவின் நிலத்தைத் தன் ஆட்களுக்குப் பங்கு போட்டார். ஆங்கிலோ-சாக்சன் ஆண்டுக்குறிப்பு இதைச் சொல்லிவிட்டு அடுத்து ஒரு வரி சேர்க்கிறது: அவர்கள் உழத் தொடங்கினார்கள், தங்களைத் தாங்களே பிழைப்பித்துக்கொண்டார்கள். பத்து வருடம் நெருப்பும் வாளுமாக வந்தவர்களைப் பற்றிய செய்தி இப்படி ஏரில் போய் முடிகிறது. யாருடைய நிலத்தை உழுதார்கள், அந்த நிலத்தின் பழைய சொந்தக்காரர் எங்கே போனார் என்று ஆண்டுக்குறிப்பில் இல்லை. யாட்ஃப்ளேடா விடுவித்தவர்களில் ஆர்கில் என்று ஒருவர் இருக்கிறாரே, அது வைக்கிங்குகள் பேசிய நார்ஸ் மொழிப் பெயர். நிலத்தைப் பங்கு போட்டுக்கொண்டவர்களின் வழிவந்தவர்கள் காலத்தில், அவர்கள் மொழியில் பெயர் வைத்த ஒருவரும் அடிமையாக நின்றார்.

தெற்கே ஆல்ஃப்ரெட் மன்னர் 878இல் சதுப்பு நிலத்தில் ஒளிந்திருந்தபோது, மாட்டுக்காரர் வீட்டில் அடுப்பில் வேகும் ரொட்டியைக் கவனிக்காமல் கருகவிட்டு அந்த வீட்டுப் பெண்ணிடம் திட்டு வாங்கினார் என்று ஒரு கதை உண்டு. அவர் இறந்து நூறு வருடம் ஆகும் வேளையில் எழுந்த கதை. மன்னரின் பணிவைக் காட்டுவதற்காகச் சொல்வார்கள். எனக்கு அந்தப் பெண்ணின் கோபம்தான் உண்மையாகப் படுகிறது. படை சுற்றித் திரியும் குளிர்காலத்தில், இருக்கிற மாவையெல்லாம் போட்டுச் சுட்ட ரொட்டி. அதைக் கருகவிட்டவர் மன்னராக இருந்தால் என்ன?

நூறு வருடம் கழித்து ஈத்தல்ரெட் மன்னர் காலத்தில் டேனியப் படைகளுக்குப் பணம் கொடுத்துத் திருப்பி அனுப்பும் வழக்கம் வந்தது. 991இல் 10,000 பவுண்டு. 994இல் 16,000. 1007இல் 36,000. 1012இல் 48,000. அன்று ஒரு பவுண்டுக்கு 240 வெள்ளிக் காசு. 48,000 பவுண்டு என்றால் 1 கோடியே 15 லட்சத்துக்கும் மேற்பட்ட காசுகள். ஈத்தல்ரெட்டின் காசுகள் இங்கிலாந்தைவிட ஸ்காண்டிநேவியாவில்தான் அதிகம் கிடைத்திருக்கின்றன. இத்தனையையும் நிலத்தின் மேல் வரியாகப் போட்டார்கள். வரி கட்ட முடியாதவரின் நிலத்தை, அவருக்காகக் கட்டியவர் எடுத்துக்கொள்ளலாம். நடுவில் 1005இல் பெரும் பஞ்சம். இவ்வளவு கொடிய பஞ்சம் யார் நினைவிலும் இல்லை என்கிறது ஆண்டுக்குறிப்பு. அந்த வருடம் டேனியக் கப்பல்கள்கூட ஊர் திரும்பிவிட்டன.

1014இல் யார்க் பேராயர் வுல்ஃப்ஸ்டன் செய்த பிரசங்கம் இருக்கிறது. அந்தக் கால உரைகளில் இதைப் போல என்னை உலுக்கியது வேறு இல்லை. தகப்பன் பிள்ளையை விற்றான், பிள்ளை தாயை விற்றான், அண்ணன் தம்பியை அந்நியருக்கு விற்றான் என்று அடுக்கிக்கொண்டே போகிறார். எல்லாவற்றையும் பாவம் என்றார் அவர். ஒரு பிரசங்கியாக அவர் பார்த்த கோணம் அது. அந்தத் தகப்பனுக்குப் பக்கத்தில் நின்று பார்த்தால் கணக்கு வேறு. வீட்டில் ஐந்து பிள்ளைகள், தானியம் மூன்று பேருக்குத்தான். விற்ற பிள்ளை எங்கேயோ ரொட்டி தின்று உயிரோடு இருக்கும். நான் அந்தத் தகப்பனுக்காக வாதாடுகிறேன் என்றே வைத்துக்கொள்ளுங்கள். வுல்ஃப்ஸ்டன் சொன்னதில் பொய் இல்லை, ஆனால் பசியைப் பற்றி இன்னும் கொஞ்சம் பேசியிருக்கலாம்.

1066 தெரிந்ததே. அக்டோபர் 14, ஹேஸ்டிங்ஸ் போரில் நார்மன்கள் வென்ற நாள். ஆனால் இந்த வடக்குக்கு உண்மையான 1066 வந்தது மூன்று வருடம் கழித்து. 1069 ஜனவரியில், அந்தப் போரில் வென்று மன்னரான வில்லியம் அனுப்பிய நார்மன் தலைவரை டர்ஹாம் ஊருக்குள்ளேயே கொன்றார்கள். யார்க்கிலும் கலகம். அந்தக் குளிர்காலத்தில் வில்லியம் தானே வந்து வடக்கைத் தண்டித்தார். தண்டித்த விதம்தான் முக்கியம். தானியம், கால்நடை, ஏர், விதை என்று எல்லாவற்றையும் கொளுத்தினார்கள். ஆட்களை ஒவ்வொருவராகத் தேடிக் கொல்ல வேண்டிய தேவையே இல்லாமல் போனது. அடுத்த வருடத்துப் பசி அதைச் செய்துவிட்டது. குதிரை, நாய், பூனை எல்லாவற்றையும் தின்றார்கள், சிலர் மனித மாமிசமும் தின்றார்கள், சிலர் தங்களையே என்றென்றைக்கும் அடிமையாக விற்றுக்கொண்டார்கள் என்று டர்ஹாமிலிருந்து எழுதிய வரலாறு சொல்கிறது. துறவிகள் கத்பெர்ட்டைத் தூக்கிக்கொண்டு மறுபடியும் லிண்டிஸ்ஃபார்னுக்கு ஓடினார்கள். வசந்தத்தில்தான் திரும்பினார்கள்.

தப்பித்தவர்களில் பலர் தெற்கே வெகுதூரம் நடந்து ஈவ்ஷம் மடத்துக்குப் போய்ச் சேர்ந்தார்கள். மடத்துத் தலைவர் ஆத்தல்விக் அவர்களுக்குச் சோறு போட்டார். வீதியிலும் கோயில் முற்றத்திலும் படுத்துக் கிடந்தார்கள். பல நாள் பட்டினிக்குப் பிறகு கிடைத்த சாப்பாட்டைத் தின்றே சிலர் செத்தார்கள் என்று அந்த மடத்து வரலாறு எழுதுகிறது. ஒவ்வொரு நாளும் ஐந்து பேர், ஆறு பேர் என்று புதைத்தார்கள். ரொட்டி கைக்கு வந்த பிறகும் சாவு நிற்கவில்லை. 1086இல் வில்லியம் நாடு முழுக்கக் கணக்கெடுத்தபோது யார்க்ஷயர் பக்கத்தில் ஊர் ஊராக ஒரே சொல்லை எழுதிக்கொண்டே போனார்கள்: பாழ்.

ஆக, இவற்றில் எந்தக் கெட்ட நாளில் யாட்ஃப்ளேடாவின் வாசலில் ஆட்கள் வந்து நின்றார்கள் என்றாலும் எனக்குக் காட்சி ஒன்றுதான். அவள் ஒரு ஹ்லாஃப்டியே, மாவு வைத்திருப்பவள். அவர்களிடம் கொடுக்கத் தலையைத் தவிர ஒன்றும் இல்லை. அவள் வாங்கிக்கொண்டாள், ரொட்டியும் கொடுத்தாள். சும்மாவே கொடுத்திருக்கலாமே என்று எனக்கு முதலில் கோபம் வந்தது. இன்னும் முழுதாகப் போகவில்லை. ஆனால் அவள் அதோடு நிற்கவில்லை. தன்னிடம் இருந்தவர்களை விடுவித்த பிறகு, குவாஸ்பாட்ரிக் என்ற வேறொருவரிடம் கெஞ்சி வாங்கிய ஆட்களையும் விடுவித்ததாக அதே குறிப்பு சொல்கிறது. ஆல்ஃப்வோல்ட், கோல்பிராண்ட், ஆல்சி, அவன் மகன் கமல், இன்னும் சிலர். கெஞ்சி என்பது அவளே போட்ட சொல். யாராவது இந்த விடுதலையைப் பறித்தால் கடவுளும் கத்பெர்ட்டும் அவர்மேல் கோபம் கொள்ளட்டும் என்ற சாபத்தையும் சேர்த்திருக்கிறாள். வாங்கிய தலைகளைத் திருப்பிக் கொடுக்காமல் அவளால் சாக முடியவில்லை என்றுதான் நான் படிக்கிறேன்.

விடுதலைக்கும் சடங்கு உண்டு. அடிமைச் சடங்கைச் சொன்ன அதே சட்டநூலில் இதுவும் இருக்கிறது. கோயிலிலோ சந்தையிலோ ஊர்மன்றத்திலோ, சாட்சிகள் முன் நடக்க வேண்டும். விடுதலையாகும் ஆளுக்குத் திறந்த வழிகளையும் வாசல்களையும் காட்ட வேண்டும். சுதந்திரமானவரின் ஆயுதங்களைக் கையில் கொடுக்க வேண்டும். தார்க்குச்சி பிடித்த கையில் ஈட்டி. அதற்கப்புறம் அந்த 12 பவுண்டு தானியம் கிடையாது, அறுவடைக் கைப்பிடி கிடையாது. எக்கெயார்டுக்குக் கொல்லுத் தொழில் கையில் இருந்தது, பிழைத்திருப்பார். மற்றவர்கள் அந்தத் திறந்த வழியில் எந்தப் பக்கம் நடந்தார்கள்?

போன வாரம் மறுபடியும் பேராலயத்துக்குப் போயிருந்தேன். மழை நாள், கூட்டம் இல்லை. கத்பெர்ட்டின் கல்லுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, கைபேசியில் வைத்திருக்கும் அந்தக் குறிப்பைப் பழைய ஆங்கிலத்திலேயே மெதுவாக வாய்விட்டுப் படித்தேன். எக்கெயார்ட். ஆல்ஃப்ஸ்டன். ஆர்கில். கோலே. எட்ஜ்ஃபெர்த். அதுவரை பெயர்கள் இருந்தன, படிக்க முடிந்தது. அடுத்தது தலையைக் கொடுத்தவர்கள். மூவாயிரம் பெயர்களைப் பொன்னிலும் வெள்ளியிலும் எழுதிய புத்தகத்தில் இவர்கள் இருக்கும் இடத்தில் 'எல்லாரும்' என்று மட்டும் இருக்கிறது. அந்த ஒரு சொல்லைச் சொல்லிவிட்டு, கொஞ்ச நேரம் நிறுத்தி, பிறகு மீதியைப் படித்தேன்: 'ஒன் தாம் யுவ்லும் டாகும்', அந்தக் கெட்ட நாள்களில்.